மூன்றாம் நாள் வாலாட்டுகிறது, காயம் ஆறிவிட்டதா? கருத்தடை ஆபரேஷனுக்குப் பிந்தைய இரண்டு வாரங்கள்

டெல்லி வட்டாரத் தெருநாய்களை எல்லாம் பிடித்துக் காப்பகத்தில் அடைக்கும்படி 2025 ஆகஸ்ட் 11 அன்று உச்ச நீதிமன்றம் சொன்னது. அதே மாதம் 22ஆம் தேதி அந்த உத்தரவை மாற்றியது. கருத்தடை செய்து, தடுப்பூசி போட்டு, பிடித்த இடத்திலேயே விட வேண்டும், வெறிநோய் உள்ளவையும் மூர்க்கமானவையும் மட்டும் விலக்கு என்றது. அன்றிலிருந்து கருத்தடை என்ற சொல் செய்தியிலும் விவாதத்திலும் அடிபட்டுக்கொண்டே இருக்கிறது. ஆனால் பேச்செல்லாம் ஆபரேஷனோடு நின்றுவிடுகிறது. தள்ளாடியபடி வீடு திரும்பும் உயிரை அடுத்த இரண்டு வாரம் எப்படிப் பார்த்துக்கொள்வது என்பதை யாரும் விரித்துச் சொல்வதில்லை.

வளர்ப்பவர்களுக்கு வரும் பெரிய குழப்பம் இதுதான்: மருத்துவர் பத்துப் பதினான்கு நாள் ஓடவோ தாவவோ விடக்கூடாது என்கிறார். நாயோ மூன்றாம் நாளே வாலாட்டிக்கொண்டு சோபாவில் ஏறுகிறது. இதில் எதை நம்புவது? மருத்துவரை நம்புங்கள். ஏன் என்பது புரிய, உள்ளே என்ன நடந்திருக்கிறது என்பதிலிருந்து தொடங்க வேண்டும்.

உள்ளே என்ன செய்கிறார்கள்

பெண் நாய்க்கும் பூனைக்கும் செய்வது வயிற்றைத் திறக்கும் ஆபரேஷன். இரண்டு சினைப்பைகளையும், பெரும்பாலும் கருப்பையையும் சேர்த்து எடுக்கிறார்கள். அவற்றுக்கு ரத்தம் கொண்டுவரும் குழாய்களை நூலால் இறுகக் கட்டிவிட்டு வெட்டுகிறார்கள். பிறகு வயிற்றை அடுக்கடுக்காகத் தைக்கிறார்கள்: முதலில் தசைச் சுவர், அடுத்து கொழுப்பு அடுக்கு, கடைசியாகத் தோல். வயிற்றின் நடுக்கோட்டில் வெட்டுவது ஒரு முறை, பக்கவாட்டில் விலாவுக்குப் பின்னால் வெட்டுவது இன்னொரு முறை. ஆகவே தையல் எந்த இடத்தில் இருக்கிறது என்பதை வீட்டுக்குக் கிளம்பும் முன்பே பார்த்து வைத்துக்கொள்ளுங்கள்.

ஆணுக்கு விதைகளை மட்டும் எடுக்கிறார்கள். வயிற்றைத் திறப்பதில்லை, அதனால் சீக்கிரம் தேறிவிடும். நாய்க்குப் பெரும்பாலும் விதைப்பைக்குச் சற்று முன்னால் ஒரு சிறிய வெட்டு. ஆண் பூனைக்குப் பல சமயம் தையலே இருக்காது, சிறு வெட்டு தானாக மூடிக்கொள்ளும். ஒரு விதிவிலக்கு உண்டு. சில ஆண் நாய்களுக்கு ஒரு விதை கீழே இறங்காமல் வயிற்றுக்குள்ளேயே தங்கியிருக்கும். அதை எடுக்க வயிற்றைத் திறக்க வேண்டும். அப்படிச் செய்திருந்தால் பெண் நாய்க்கு உரிய கவனிப்பு முழுவதும் இதற்கும் தேவை.

காயம் ஆறும் கணக்கு

1. முதல் மூன்று முதல் ஐந்து நாள்: உடல் காயத்தைச் சுத்தம் செய்யும் காலம். ரத்தம் உறையும், வீக்கம் வரும், வெள்ளை அணுக்கள் வந்து கிருமிகளையும் சிதைந்த செல்களையும் அகற்றும். புதிய இழை இன்னும் பின்னப்படவில்லை. வெட்டின் இரு ஓரங்களையும் சேர்த்துப் பிடித்திருப்பது மருத்துவர் போட்ட நூல் மட்டுமே.

2. அதற்கு அடுத்த நாள்களில் கொலாஜன் என்னும் புரத இழை காயத்துக்குள் பின்னத் தொடங்கும். பத்து முதல் பதினான்கு நாளில் தோல் ஒட்டிக்கொள்ளும். தையல் பிரிப்பதும் அப்போதுதான்.

3. ஒட்டிய தோல் உடனே பழைய தோல் ஆகிவிடாது. மூன்று வாரம் ஆன காயத்துக்குக்கூடப் பழைய வலிமையில் ஏறக்குறைய ஐந்தில் ஒரு பங்குதான் திரும்பியிருக்கும். மீதி மாதக் கணக்கில் சிறிது சிறிதாக வரும்.

இனி நாயின் பக்கத்திலிருந்து பாருங்கள். மயக்க மருந்து ஒரே நாளில் இறங்கிவிடுகிறது. வலி மருந்து வேலை செய்கிறது. மூன்றாம் நாள் பசி வந்துவிட்டது, வாசலில் பால்காரர் சத்தம் கேட்கிறது. ஓடத் தோன்றாமல் என்ன செய்யும்? உடம்புக்கு வலி தெரியாத அதே நாளில்தான் காயம் நூலை மட்டும் நம்பி நிற்கிறது. தையல் விட்டுப்போவதற்கு ஏற்ற நாள்கள் இவை. முதல் நாள் படுத்தே கிடக்கும் நாயைவிட மூன்றாம் நாள் துள்ளும் நாய்க்கே அதிகக் காவல் வேண்டும்.

முதல் இரவு

வீட்டுக்கு வந்ததும் எல்லோரும் சுற்றி நின்று பெயர் சொல்லிக் கூப்பிடுவது இயல்பு. அதற்கு அப்போது வேண்டியது வெளிச்சம் குறைந்த, சத்தமில்லாத ஒரு மூலை. கட்டிலும் சோபாவும் வேண்டாம், தள்ளாடி விழும். தரையிலேயே தடிப்பான விரிப்பு போடுங்கள்.

தரை என்றதும் டைல்ஸ் நினைவுக்கு வர வேண்டும். வயிறு திறந்திருந்த நேரத்தில் உடல் சூடு இறங்கியிருக்கும், மயக்க மருந்தும் உடல் தன் சூட்டைக் காத்துக்கொள்வதைத் தடுக்கும். சிறிய நாய், பூனை, குட்டி ஆகியவை சீக்கிரம் சில்லிட்டுப்போகும். மயக்கம் தெளிவதும் அதனால் தாமதமாகும். மேலே ஒரு போர்வை, நேராகக் காற்று படாத இடம், ஏசி இல்லாத அறை இவையே பெரும்பாலும் போதும். நடுக்கம் நிற்கவில்லை என்றால் வெதுவெதுப்பான நீர் நிரப்பிய பாட்டிலைத் துண்டில் சுற்றி அருகில் வைக்கலாம். துண்டு சுற்றாமல் வைக்காதீர்கள். அரைமயக்கத்தில் இருக்கும் பிராணி சூடு பட்டாலும் நகராது, தோல் வெந்துபோகும்.

தலை மடங்கிக் கிடக்காமல் கழுத்து நேராக இருக்கட்டும். பக் போன்ற சப்பை மூக்கு நாய்களுக்கு இது இன்னும் முக்கியம். தலை நிற்கும் அளவுக்குத் தெளியும் வரை தண்ணீர்க் கிண்ணத்தை அருகில் வைக்க வேண்டாம். தூக்கத்தில் முகம் அதில் விழலாம்.

அன்றிரவு சில நாய்கள் முனகிக்கொண்டே இருக்கும். கேட்பவர்களுக்கு நெஞ்சு பதறும். பல சமயம் அது வலியால் வருவதல்ல, மயக்க மருந்து இறங்கும்போது வரும் தடுமாற்றம். பக்கத்தில் உட்கார்ந்து மெல்லப் பேசித் தடவிக் கொடுத்தால் அடங்கினால் கவலை இல்லை. அடங்காமல், தொட்டாலே கத்தினால் மருத்துவரைக் கூப்பிடுங்கள். ஆபரேஷனின்போது மூச்சுக்குழாயில் குழாய் வைத்திருந்தால் ஒன்றிரண்டு நாள் லேசான இருமல் வரும். அதுவும் தானே போய்விடும்.

பூனையைத் தனி அறையில் வையுங்கள். உயரமான அலமாரி, ஜன்னல் திண்டு எதுவும் எட்டாத அறையாக இருக்க வேண்டும். வீட்டில் வேறு பூனைகள் இருந்தால் திரும்பி வந்ததைப் பார்த்துச் சீறக்கூடும். அதன் மேல் ஆஸ்பத்திரி வாசனை இருக்கிறது, தங்கள் கூட்டாளி என்று அவற்றுக்குத் தெரியவில்லை. ஒன்றிரண்டு நாள் பிரித்து வைத்து, பழைய படுக்கைத் துணியைக் கொடுத்தால் பழைய வாசனை திரும்பிவிடும்.

சாப்பாடு: நன்றாகத் தெளிந்த பிறகு முதலில் கொஞ்சம் தண்ணீர். அதை வாந்தி எடுக்காமல் இருந்தால், வழக்கமான அளவில் கால் பங்கு அல்லது அரைப் பங்கு உணவு. குழைந்த சோறும் எலும்பில்லாத வேகவைத்த கோழியும், அல்லது எப்போதும் தின்னும் உணவே போதும். ஆபரேஷன் ஆன உடம்பு என்று பாலை ஊற்ற வேண்டாம். பல நாய்களுக்கும் பூனைகளுக்கும் பால் செரிக்காமல் வயிற்றைக் கலக்கும். வெங்காயம், பூண்டு சேர்ந்த குழம்புச் சோறு எந்த நாளிலும் ஆகாது. முதல் மலம் இரண்டு மூன்று நாள் கழித்தே வரலாம், வயிறு காலியாக இருந்ததால் அது இயல்புதான். சிறுநீர் மட்டும் 24 மணி நேரத்துக்குள் போக வேண்டும்.

வலி: காட்டிக்கொள்ளாத உயிர்கள்

நாய் கத்தவில்லை, அதனால் வலியில்லை என்று எண்ணுவது தவறு. பூனை வலியை இன்னும் ஆழமாக மறைக்கும். 2019இல் கனடாவின் மான்ட்ரியல் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் பூனையின் முகத்தை வைத்தே வலியை மதிப்பிட ஓர் அளவுகோல் வெளியிட்டார்கள். காது எப்படி நிற்கிறது, கண் எவ்வளவு இடுங்கியிருக்கிறது, மூக்கு வாய்ப் பகுதி இறுகியிருக்கிறதா, மீசை முடிகள் எப்படி இருக்கின்றன, தலை தோளுக்குக் கீழே தாழ்ந்திருக்கிறதா என்று ஐந்தைப் பார்க்கச் சொல்கிறது அது. நாயிடம் கூனிய முதுகு, படுக்கத் தயங்கித் தயங்கி நிற்பது, ஓய்விலும் வேக மூச்சு, தொடப்போனால் விலகுவது இவையே அடையாளம்.

மருத்துவர் கொடுத்த வலி மருந்தைச் சொன்ன நாள் வரை கொடுங்கள். நாய் நன்றாகத் தெரிவது அந்த மருந்தால் இருக்கலாம். சாப்பாட்டோடு கொடுப்பது நல்லது. வாந்தி, கறுத்த மலம், சாப்பாட்டில் வெறுப்பு தெரிந்தால் மருந்தை நிறுத்திவிட்டு மருத்துவரிடம் பேசுங்கள்.

வீட்டு மருந்துப் பெட்டியிலிருந்து எதையும் எடுக்கக் கூடாது. இதைக் கண்டிப்பாகச் சொல்லக் காரணம் இருக்கிறது. காய்ச்சலுக்கு நாம் போட்டுக்கொள்ளும் பாராசிட்டமால் 500 மில்லிகிராம் மாத்திரை ஒன்றே ஒரு பூனையைக் கொன்றுவிடும். அந்த மருந்தைச் சிதைத்து வெளியேற்றும் வழி பூனையின் கல்லீரலில் மிகக் குறைவு. நச்சு ரத்தத்தில் தங்கிச் சிவப்பணுக்களை ஆக்சிஜன் சுமக்க முடியாமல் செய்துவிடும். ஈறு பழுப்பாகும், முகமும் பாதமும் வீங்கும். இபுப்ரோஃபென், டைக்ளோஃபெனாக் என்னும் வலி மாத்திரைகள் இரண்டும் நாய்க்கு வயிற்றுப் புண்ணையும் சிறுநீரகச் சேதத்தையும் தரும். மெலாக்சிகாம் என்னும் வலி மருந்து நாய்க்கும் தருவதுதானே என்று மனிதர்களுக்கான மாத்திரையை உடைத்துக் கொடுப்பவர்களும் உண்டு. பெயர் ஒன்றாக இருந்தாலும் அளவு வேறு. சிறு நாய்க்கு அது பல மடங்கு.

நக்கினால் ஆறும் என்ற நம்பிக்கை

நாயின் எச்சிலில் மருந்து இருக்கிறது, நக்கி நக்கியே ஆற்றிக்கொள்ளும் என்று ஊரில் சொல்வார்கள். வெளிக் காயத்தின் மண்ணைத் துடைக்க நாக்கு உதவலாம். தையல் போட்ட காயத்தில் கதை வேறு. வாய்க் கிருமிகள் வெட்டுக்குள் போகும், ஈரத்தில் தோல் ஊறிப்போகும், முன்பல்லால் நூலைப் பிடுங்கிவிடும். பூனையின் நாக்கோ அரம் போன்றது. இரவில் எல்லோரும் தூங்கும் ஒரு மணி நேரம் போதும், தையல் முழுவதையும் பிரித்துப் போட.

அதற்குத்தான் கழுத்தில் மாட்டும் புனல் வடிவக் கோன். மாட்டும் விதத்தில் கவனிக்க வேண்டியவை:

1. கோனின் விளிம்பு மூக்கு நுனியைத் தாண்டி நீள வேண்டும். குட்டையாக இருந்தால் பயனில்லை.
2. கழுத்துப் பட்டைக்கும் கழுத்துக்கும் நடுவே இரண்டு விரல் நுழைய வேண்டும்.
3. சாப்பாட்டுக் கிண்ணத்தைச் சின்ன மணைக்கட்டை மேல் வைத்தால் கோனோடு தின்ன முடியும். அப்படியும் தின்னவில்லை என்றால் அந்த நேரம் மட்டும் கழற்றி, தின்று முடிக்கும் வரை எதிரிலேயே உட்காருங்கள்.

முதல் நாள் சுவரில் முட்டும், பின்னால் நடக்கும், சிலை போல நிற்கும். பாவமாக இருக்கும்தான். ஒன்றிரண்டு நாளில் பழகிவிடும். பாவம் பார்த்துக் கழற்றிய ஓர் இரவுக்கு விலை இரண்டாவது மயக்க மருந்தும் இரண்டாவது தையலும் என்றால் எது பெரிய பாவம் என்று யோசித்துப் பாருங்கள்.

கோனை ஏற்கவே மறுக்கும் பெண் நாய்க்குப் பழைய பருத்தி டிசர்ட்டை மாட்டி, முதுகுப் பக்கம் முடிச்சுப் போட்டு வைப்பார்கள். வயிற்றுக் காயத்துக்கு இது ஓரளவு உதவும். ஆனால் சிறுநீரில் நனைந்தால் உடனே மாற்ற வேண்டும். துணிக்கு மேலேயே நக்கும், கடிக்கும் நாய்க்கு இது போதாது.

ஓட்டம், மாடிப்படி, ஸ்கூட்டர்

பத்து முதல் பதினான்கு நாள் வரை சிறுநீர் கழிக்க மட்டும் கயிறு கட்டிக் கூட்டிப் போய் உடனே திரும்புங்கள். மொட்டைமாடி, மாடிப்படி, மற்ற நாயோடு மல்லுக்கட்டு எதுவும் வேண்டாம். நம் ஊரில் ஒன்றைத் தனியாகச் சொல்ல வேண்டும். ஸ்கூட்டரின் முன்பக்கம் நிற்க வைத்துக் கூட்டிப் போவது பலருக்கு வழக்கம். ஒவ்வொரு வேகத்தடைக்கும் நாய் வயிற்றை இறுக்கிச் சமாளிக்கிறது. ஆபரேஷன் முடிந்து வரும்போதும், தையல் பிரிக்கப் போகும்போதும் ஆட்டோவோ காரோ பிடித்துவிடுங்கள். தூக்க நேர்ந்தால் நெஞ்சுக்கடியில் ஒரு கை, பின்தொடைக்கடியில் ஒரு கை. வயிற்றில் கை போட்டுத் தூக்கக் கூடாது.

துடிப்பான இளம் நாயைச் சும்மா கிடக்க வைப்பது கடினம் என்பது உண்மை. ஓட்டத்துக்குப் பதில் மூளைக்கு வேலை கொடுங்கள். உணவைத் துணிச் சுருளில் ஒளித்து மோப்பம் பிடித்து எடுக்கச் சொல்வது, படுத்தபடியே கற்கும் சின்னச் சின்னக் கட்டளைகள் ஆகியவை அரை மணி ஓட்டம் அளவுக்குக் களைக்க வைக்கும்.

எது இயல்பு, எதற்கு ஓட வேண்டும்

தினம் இரண்டு முறை, நல்ல வெளிச்சத்தில் தையலைப் பாருங்கள். கைப்பேசியில் தினம் ஒரு படம் எடுத்து வைத்தால் நேற்றைவிட இன்று எப்படி என்பது ஊகமின்றித் தெரியும். வெட்டின் ஓரத்தில் லேசான சிவப்பு, சிறிய கன்றிய நிறம், முதல் நாள் ஒன்றிரண்டு சொட்டு ரத்தக் கசிவு, கை வைத்தால் தெரியும் மெல்லிய மேடு, இவை இயல்பு. ஆண் நாயின் காலி விதைப்பை சில நாள் வீங்கியே தெரியும். முன்பு விதைகள் இருந்த அளவைவிடப் பெரிதானால் உள்ளே ரத்தம் கட்டியிருக்கலாம்.

தோலுக்கடியில் மெத்தென்று நீர் கோத்துக்கொள்வதும் உண்டு. அதிக ஓட்டம்தான் பெரும்பாலும் காரணம். ஓய்வு கொடுத்தால் தானே வற்றும். ஆனால் அது வெறும் நீரா, தசைத் தையல் விட்டுக் குடல் பிதுங்கி நிற்கிறதா என்பதை வீட்டில் தடவிப் பார்த்துச் சொல்ல முடியாது. மருத்துவர் பார்க்கட்டும்.

உடனே, இரவானாலும், போக வேண்டியவை:

1. ஈறு வெளுத்துப்போவது, கூடவே சோர்வு, சில்லிட்ட கால், வீங்கும் வயிறு. கட்டிய ரத்தக் குழாயிலிருந்து உள்ளே கசிவு இருக்கலாம். முதல் 24 மணி நேரத்தில் கவனிக்க வேண்டியது இதுவே. ஆபரேஷனுக்கு முன்பே ஈறின் நிறத்தைப் பார்த்து வைத்திருந்தால் ஒப்பிடலாம். ஈறு கறுத்த நாய்க்குக் கீழ் இமையின் உட்புறத்தைப் பாருங்கள்.
2. தையல் வாய் திறந்து உள்ளே ஏதாவது தெரிவது. உப்புநீரில் நனைத்த சுத்தமான துணியால் மூடி, நக்கவிடாமல் கொண்டு ஓடுங்கள். உள்ளே தள்ளப் பார்க்காதீர்கள்.
3. நிற்காத ரத்தம்.
4. சிறுநீர் 24 மணி நேரமாக வராமல் இருப்பது, விடாத வாந்தி, மூச்சுத் திணறல்.

சீழ், நாற்றம், நாளுக்கு நாள் கூடும் சிவப்பு, 48 மணி நேரம் ஆகியும் சாப்பிடாமை ஆகியவை அன்றே காட்ட வேண்டியவை. காய்ச்சலை மூக்கின் ஈரத்தைத் தொட்டுக் கண்டுபிடிக்க முடியாது. ஆசனவாயில் வைக்கும் வெப்பமானியில் 100.5 முதல் 102.5 டிகிரி ஃபாரன்ஹீட் வரை இயல்பு. அதைத் தாண்டி 103ஐத் தொட்டால் சொல்லுங்கள்.

ஈ, உண்ணி, மஞ்சள்

வெளிநாட்டுக் கையேடுகளில் அதிகம் வராத, நமக்கு மிக அவசியமான விஷயம் ஈ. வெயில் காலத்திலும் மழைக்குப் பிறகும் ஈரக் கசிவுள்ள காயத்தில் ஈ முட்டையிட்டால் ஒரே நாளில் புழு வைத்துவிடும். வெளியே கட்டி வளர்க்கும் நாயாக இருந்தாலும் இந்த இரண்டு வாரம் வீட்டுக்குள் வையுங்கள், அல்லது கொசுவலைக்குள். ஈ அண்டாத ஸ்ப்ரேயை மருத்துவர் தந்தால் சொன்னபடி அடியுங்கள். மஞ்சள் பற்று, வேப்பிலை விழுது, தேங்காய் எண்ணெய் எதையும் தையல் மேல் பூச வேண்டாம். அக்கறையில் செய்வதுதான், ஆனால் அது காயத்தை ஈரமாக்குகிறது, நாயை நக்கவும் தூண்டுகிறது. காயத்துக்கு வேண்டியது வறண்ட, சுத்தமான நிலை. தையல் பிரிக்கும் வரை குளியலும் கூடாது.

உண்ணிக் காய்ச்சல் நம் ஊர் நாய்களிடம் சர்வ சாதாரணம். அது ரத்தம் உறைய உதவும் ரத்தத் தட்டுகளைக் குறைத்துவிடும், வெளியே நன்றாகத் தெரியும் நாய்க்கும். அதனால்தான் ஆபரேஷனுக்கு முன் ரத்தப் பரிசோதனை கேட்கிறார்கள். அந்தச் செலவை மிச்சம் பிடிக்காதீர்கள். ஆபரேஷனுக்குப் பின் மூக்கில் ரத்தம், வயிற்றுத் தோலில் சிவப்புப் புள்ளிகள் தெரிந்தால் இதைச் சந்தேகிக்க வேண்டும்.

ஆண் பூனையின் திறந்த சிறு காயத்தில் மண் ஒட்டும். ஐந்து முதல் ஏழு நாள் வரை கழிவுத் தட்டில் மணலுக்குப் பதில் கிழித்த செய்தித்தாளைப் போடுங்கள்.

தெருவிலிருந்து கொண்டுபோன நாய்க்கு

சென்னையில் தெருநாய்க் கருத்தடையை 1964இலேயே தொடங்கியது புளூ கிராஸ் என்னும் விலங்கு நல அமைப்பு. 1996இல் மாநகராட்சியும் கொல்வதை விட்டு இந்த வழிக்கு வந்தது. இன்று 2023ஆம் ஆண்டின் விலங்குப் பிறப்புக் கட்டுப்பாட்டு விதிகளின்படி மாநகராட்சி வண்டியில் போகும் நாய், சிகிச்சை முடியும் வரை மையத்தில் இருந்து, பிடித்த தெருவுக்கே திரும்ப வேண்டும். காதில் சிறு வெட்டு இருந்தால் கருத்தடை ஆனது என்று பொருள்.

நீங்களே ஒரு தெருநாயை மருத்துவமனைக்குக் கொண்டுபோவதாக இருந்தால், ஆபரேஷன் தேதிக்கு முன்பே இடத்தை உறுதி செய்துகொள்ளுங்கள். தெருவில் கோன் மாட்டி விட முடியாது. மற்ற நாய்களின் சண்டைக்கும் வண்டிக்கும் நடுவே அதற்குத் தப்பிக்க வழியிருக்காது. கார் ஷெட், காலி அறை, பெரிய கூண்டு ஏதாவது ஒன்று ஒரு வாரத்துக்காவது வேண்டும். அது கிடைக்கும் வரை ஆபரேஷனைத் தள்ளிப்போடுவதே அந்த நாய்க்குச் செய்யும் உதவி.

தையல் பிரித்த பிறகும்

உள்ளே கரையும் நூலால் தைத்திருந்தால் பிரிக்க வேண்டியதில்லை. ஆனாலும் பத்தாம் நாளைக்கு மேல் ஒருமுறை காட்டுங்கள். அப்புறம் மூன்று விஷயங்கள் மீதி இருக்கின்றன.

ஆண் நாய் உடனே மலடு ஆகிவிடாது. விந்துக் குழாயில் ஏற்கெனவே இருக்கும் உயிரணுக்கள் சில வாரம் தாங்கும். கருத்தடை ஆகாத பெண் நாயோடு ஒரு மாதமாவது, முடிந்தால் ஆறு வாரம், சேர விடாதீர்கள்.

பெண் நாய் பருவத்தில் இருந்தபோது ஆபரேஷன் நடந்திருந்தால் வாசனை சில நாள் நிற்கும், ஆண் நாய்கள் வாசலில் வந்து காத்திருக்கும். உள்ளே ஆறாத தையல் இருக்கும்போது இணை சேர்ந்தால் உயிருக்கே ஆபத்து. பருவம் முடிந்த சில வாரங்களில் செய்திருந்தால், ஹார்மோன் திடீரென்று இறங்குவதால் மடி வீங்கிப் பால் கட்டலாம், பொம்மையைக் குட்டி போல அணைத்துக்கொள்ளலாம். மடியைப் பிசைந்து பால் எடுக்காதீர்கள், எடுத்தால் இன்னும் ஊறும். பெரும்பாலும் இரண்டு மூன்று வாரத்தில் அடங்கிவிடும், அடங்காவிட்டால் மருந்து உண்டு.

மூன்றாவது எடை. கருத்தடைக்குப் பிறகு உடலுக்குத் தேவைப்படும் உணவு கால் பங்கு அளவுக்குக் குறைகிறது, பசியோ கூடுகிறது. தையல் பிரிக்கப் போகும் அன்றே எடை பார்த்து எழுதி வையுங்கள். அன்றே மருத்துவரிடம் புதிய உணவு அளவைக் கேட்டுக்கொண்டு, மாதம் ஒருமுறை அதே தராசில் நிறுத்திப் பாருங்கள்.